கோர்ட் உத்தரவு கையில் இருக்கிறது, காரியம் நடக்கவில்லை: நீதிமன்ற அவமதிப்பு பற்றி டெல்டா மக்கள் கேட்கும் கேள்விகள்

கும்பகோணத்தில் ஒரு வழக்கறிஞர் அலுவலகத்தில் 20 ஆண்டுகளுக்கும் மேலாகக் குமாஸ்தாவாக இருக்கிறேன். மேட்டூர் திறந்து, கல்லணை தாண்டி, வாய்க்காலில் தண்ணீர் ஏறிய சில நாட்களிலேயே எங்கள் அலுவலகத் திண்ணை நிறைந்துவிடும். வருகிறவர்களில் பாதிப் பேர் கையில் ஏற்கெனவே ஓர் உத்தரவு இருக்கும். ஜெயித்தவர்கள்தான், ஆனால் வயலில் எதுவும் மாறியிருக்காது. அவர்கள் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகளையும், எங்கள் மூத்த வழக்கறிஞர் அவர்களுக்குச் சொல்லக் கேட்டவற்றையும், தபால் எடுத்துக்கொண்டு அலைந்ததில் நான் தெரிந்துகொண்டவற்றையும் இங்கே எழுதுகிறேன். உங்கள் வழக்குக்கு என்ன பொருந்தும் என்பதை உங்கள் வழக்கறிஞர் உத்தரவைப் படித்துத்தான் சொல்ல முடியும்.

நீதிமன்ற அவமதிப்பு என்றால் நீதிபதியை அவமரியாதையாகப் பேசுவதுதானே? உத்தரவை மதிக்காததும் அதில் வருமா?

வரும். 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் இரண்டு வகையைச் சொல்கிறது. நீதிமன்றத்தின் தீர்ப்பையோ, உத்தரவையோ, ஆணையையோ வேண்டுமென்றே மீறுவதும், நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவதும் உரிமையியல் அவமதிப்பு. நீதிமன்றத்தைக் களங்கப்படுத்துவது, வழக்கு நடப்பதைக் கெடுப்பது, நீதி வழங்கலுக்குக் குறுக்கே நிற்பது ஆகியவை குற்றவியல் அவமதிப்பு. நம் ஊர்க்காரர்களுக்குத் தேவைப்படுவது பெரும்பாலும் முதல் வகை.

‘வேண்டுமென்றே’ என்ற சொல்லை அடிக்கோடிட்டுப் படியுங்கள். தாமதம் நடந்தது என்று காட்டினால் போதாது. உத்தரவு எதிராளிக்குத் தெரியும், செய்ய முடிந்தும் செய்யவில்லை என்பது தெரிய வேண்டும். பாதி வழக்குகள் இந்த இடத்தில்தான் தடுக்கி விழுகின்றன.

வாய்க்கால் ஆக்கிரமிப்பை எடுக்கக் கோரி உயர் நீதிமன்றம் போனேன். ‘மனுவைப் பரிசீலித்து 12 வாரத்தில் உத்தரவு பிறப்பிக்க வேண்டும்’ என்று தாசில்தாருக்கு ஆணையிட்டார்கள். 12 வாரம் முடிந்துவிட்டது, ஆக்கிரமிப்பு அப்படியே இருக்கிறது. இது அவமதிப்பு இல்லையா?

உங்கள் உத்தரவின் கடைசிப் பத்தியை எடுத்து நிதானமாகப் படியுங்கள். ஆக்கிரமிப்பை எடுக்க வேண்டும் என்று இருக்கிறதா, உங்கள் மனுவைப் பரிசீலித்து முடிவு சொல்ல வேண்டும் என்று இருக்கிறதா? உங்கள் கேள்வியில் உள்ளபடி இரண்டாவதுதான். நீதிமன்றம் தாசில்தாரிடம் கேட்டது ஒரு முடிவை. வாய்க்காலைத் திறந்துவிடும்படி அவருக்கு இன்னும் யாரும் ஆணையிடவில்லை.

ஆகவே 12 வாரத்துக்குள் அவர் எழுத்தில் எந்த முடிவும் சொல்லாமல் கோப்பைப் போட்டு வைத்திருந்தால் அவமதிப்பு மனுவுக்கு இடம் உண்டு. விசாரித்து, ‘இது பட்டா நிலம், மனு நிராகரிக்கப்படுகிறது’ என்று ஒரு கடிதம் தந்துவிட்டாரானால், அது எவ்வளவு தவறான முடிவாக இருந்தாலும், உத்தரவுக்குக் கீழ்ப்படிந்தவர் ஆகிவிடுகிறார். அந்த நிராகரிப்பை எதிர்த்துப் புதிதாக ரிட் மனு (அதிகாரியின் செயலை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போட வேண்டும். ஜே.எஸ். பரிஹார் வழக்கில் 1996-இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது: உத்தரவைத் தொடர்ந்து அதிகாரி ஒரு முடிவெடுத்துவிட்டால் அது சரியா தவறா என்பது தனி வழக்கு, அதை அவமதிப்பு மனுவுக்குள் வைத்து விசாரிக்க முடியாது.

இதைச் சொல்லும்போது எதிரில் உட்கார்ந்திருப்பவர் முகம் வாடுவதை எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன். ஊருக்கே பொங்கல் வைத்து ‘கேஸ் ஜெயித்துவிட்டது’ என்று சொன்னவர்கள் உண்டு. ‘பரிசீலிக்க வேண்டும்’ என்ற உத்தரவைக் கொண்டாடும் முன் அது என்ன தருகிறது என்று வழக்கறிஞரைக் கேட்டுத் தெரிந்துகொள்வது உங்கள் உரிமை. வழக்குத் தொடுக்கும்போதே கோரிக்கையை எப்படி எழுதுகிறோம் என்பதும் இதனால்தான் முக்கியமாகிறது. புல எண், வாய்க்காலின் பெயர், அடைப்பு இருக்கும் இடம், எந்த அதிகாரி எந்தச் செயலைச் செய்ய வேண்டும் என்பதெல்லாம் கோரிக்கையில் இருந்தால்தான் உத்தரவிலும் வரும். உத்தரவில் இல்லாத ஒன்றை அவமதிப்பு விசாரணையில் கேட்டு வாங்க முடியாது. ஓ.என்.ஜி.சி. ரேடியோ ஆபரேட்டர்கள் வழக்கில் 2014-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது இதைத்தான்: மூல உத்தரவின் நான்கு எல்லைகளைத் தாண்டி அவமதிப்பு நீதிமன்றம் போகக் கூடாது. அந்த வழக்கு நம் சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போனது.

நீர்நிலை ஆக்கிரமிப்பில் மட்டும் உங்கள் கை சற்று ஓங்கியிருக்கிறது. 1905-ஆம் ஆண்டின் நில ஆக்கிரமிப்புச் சட்டமும், 2007-ஆம் ஆண்டின் ஏரிகள் பாதுகாப்பு மற்றும் ஆக்கிரமிப்பு அகற்றல் சட்டமும் இருக்கின்றன. நீர்நிலைகளை மீட்க வேண்டும் என்று உயர் நீதிமன்றம் 2005-லேயே பொதுவாக ஆணையிட்டிருக்கிறது. நிராகரிப்புக் கடிதம் வந்தால் சோர்ந்துவிடாமல் அதை எதிர்த்துப் போங்கள்.

உத்தரவை அதிகாரிக்கு நீதிமன்றமே அனுப்பிவிடும் அல்லவா? நான் ஏன் அனுப்ப வேண்டும்?

நீதிமன்றமும் அனுப்பும், அரசு வழக்கறிஞரும் தெரிவிப்பார். அதை நம்பி உட்கார்ந்திருக்காதீர்கள். இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலைத்தான் படிப்பீர்கள் என்றால் இதைப் படியுங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன்.

பெரும்பாலான உத்தரவுகளில் ‘இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து’ இத்தனை வாரம் என்று இருக்கும். நகல் எப்போது கிடைத்தது என்று நிரூபிக்க முடியவில்லை என்றால் கெடு எப்போது முடிந்தது என்றும் சொல்ல முடியாது.

கடைமடைக் கிராமம் ஒன்றிலிருந்து ஓர் அம்மாள் வந்தார். வயது எழுபதுக்கு மேல். மஞ்சள் பைக்குள் ஒரு பிளாஸ்டிக் உறை, அதற்குள் உத்தரவின் நகல், மடிப்பில் கிழிந்துவிடாமல் இருக்க நடுவில் ஒரு காலண்டர் அட்டை. அவருடைய ஒன்றரை மா நிலத்துக்கு வரும் வாய்க்காலை மேலே ஒருவர் மண் போட்டு மேடாக்கிவிட்டார். அதை அகற்றும்படி தெளிவான உத்தரவு. ‘எட்டு மாதம் ஆகிறதய்யா, நானே கொண்டுபோய்க் கொடுத்தேன்’ என்றார். யாரிடம் கொடுத்தீர்கள் என்று கேட்டேன். ‘சன்னல் பக்கத்தில் கண்ணாடி போட்ட ஒரு தம்பி, நல்ல பிள்ளை, வாங்கி வைத்துக்கொண்டது’ என்றார். ரசீதும் இல்லை, முத்திரையும் இல்லை. அலுவலகத்தில் கேட்டபோது அப்படி எதுவும் வரவில்லை என்று விட்டார்கள்.

நாங்கள் செய்தது பெரிய வித்தை ஒன்றும் இல்லை. உத்தரவின் நகலை இணைத்து அரைப் பக்கத்தில் ஒரு கடிதம். அதில் வழக்கு எண், உத்தரவு நாள், செய்ய வேண்டிய வேலை, கெடு ஆகிய நான்கும் இருந்தன. இரண்டு பிரதி எடுத்து, ஒன்றைத் தாலுகா அலுவலகத் தபால் பிரிவில் கொடுத்து, மற்றொன்றில் ஊதா நிற முத்திரையும் தேதியும் சுருக்கொப்பமும் வாங்கினோம். அன்றைக்கே இன்னொரு நகல் ஒப்புகையுடன் கூடிய விரைவுத் தபாலில் போனது. இரண்டு வாரம் கழித்துப் போய், அந்தக் கடிதத்துக்கு அலுவலகம் கொடுத்த பதிவு எண்ணான ந.க. எண் என்ன என்று கேட்டு எழுதிக்கொண்டேன். அரசு அலுவலகத்தில் ஒரு கடிதத்துக்கு ந.க. எண் விழுந்துவிட்டால் அது தன்பதிவேட்டில் ஏறிவிட்டது என்று பொருள். அதன் பிறகு ‘வரவில்லை’ என்று யாரும் சொல்ல முடியாது. பதினோராவது வாரம் பொக்லைன் வந்து மண்ணை அள்ளிவிட்டது. அவமதிப்பு மனுவே தேவைப்படவில்லை.

ஆனால் அதற்குள் அந்த அம்மாளுக்கு ஒரு சம்பா போய்விட்டது. ஒரு முத்திரை முதலிலேயே விழுந்திருந்தால் அந்த நெல் வீட்டுக்கு வந்திருக்கும். அதனால்தான் இதை இவ்வளவு நீட்டி எழுதுகிறேன்.

சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பித்துவிடுங்கள். அது கிடைக்கும் வரை, உயர் நீதிமன்ற இணையதளத்தில் உத்தரவு பதிவேற்றப்பட்டிருந்தால் அந்த நகலையே கடிதத்தோடு அனுப்பிவைக்கலாம். உத்தரவு எதிராளிக்குத் தெரியும் என்பதுதான் முக்கியம்.

அவமதிப்பு மனு போட எத்தனை நாள் அவகாசம்?

ஓராண்டு. சட்டத்தின் 20-ஆம் பிரிவு. அவமதிப்பு நடந்த நாளிலிருந்து எண்ண வேண்டும், தீர்ப்பு வந்த நாளிலிருந்து அல்ல.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். நகல் கிடைத்து 12 வாரத்துக்குள் செய்ய வேண்டும் என்பது உத்தரவு. தாசில்தார் அலுவலக முத்திரை 2024 ஜூன் 3. பன்னிரண்டு வாரம் என்றால் 84 நாள், ஆகஸ்ட் 26-உடன் முடிகிறது. மறுநாளிலிருந்து அவமதிப்பு. மனு 2025 ஆகஸ்ட் 26-க்குள் தாக்கலாகிவிட வேண்டும். ஓராண்டுக்குள் மனு தாக்கலானால் போதும், நீதிமன்றம் அதற்குள் நோட்டீஸ் அனுப்பியிருக்க வேண்டியதில்லை என்று 2001-இல் பல்லவ் சேத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

‘மீறல் இன்றும் தொடர்கிறதே, ஒவ்வொரு நாளும் புதிய அவமதிப்புதானே’ என்று வாதிடுவோர் உண்டு. சில வழக்குகளில் அந்த வாதம் எடுபட்டும் இருக்கிறது. அதை நம்பி யாரும் ஓராண்டைத் தவறவிட வேண்டாம். ‘அடுத்த வாரம் செய்துவிடுகிறேன்’ என்று அதிகாரி வாய்மொழியாகச் சொல்லிச் சொல்லியே பதின்மூன்றாம் மாதம் வந்துவிடும்.

மதுரைக்குப் போக வேண்டுமா, சென்னைக்கா?

மூல உத்தரவை எங்கே வாங்கினீர்களோ அங்கேதான். வழக்கமாக, உத்தரவிட்ட நீதிபதி அங்கே இருந்தால் அவர் முன்பாகவே வரும்.

புதிதாக ரிட் போடுகிறவர்களுக்காகச் சொல்கிறேன். 2004 ஜூலையில் மதுரைக் கிளை தொடங்கியபோது டெல்டா இரண்டாகப் பிரிந்தது. தஞ்சாவூர், திருச்சி, கரூர், புதுக்கோட்டை மாவட்டங்கள் மதுரைக்கு. திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை, கடலூர் மாவட்டங்களும் காரைக்காலும் சென்னைக்கு. கும்பகோணத்துக்காரர் மதுரைக்குப் பஸ் ஏறுகிறார், பக்கத்திலேயே இருக்கும் வலங்கைமான்காரர் திருவாரூர் மாவட்டம் என்பதால் சென்னைக்கு ரயில் ஏறுகிறார். ஒரே வாய்க்காலில் தலைமடையும் கடைமடையும் வெவ்வேறு கோர்ட்டுக்குப் போன வழக்கை எங்கள் அலுவலகமே நடத்தியிருக்கிறது.

முன்சீப் கோர்ட்டில் பெரியப்பா மகன் மீது உறுத்துக் கட்டளை வாங்கினேன், பொது மடையை அடைக்கக் கூடாது என்று. அவர் இரவோடு இரவாகச் சிமென்ட் வைத்துப் பூசிவிட்டார். உயர் நீதிமன்றத்தில் அவமதிப்பு வழக்குப் போடலாமா?

கீழமை நீதிமன்றங்களை அவமதித்தவர்களைத் தண்டிக்க உயர் நீதிமன்றத்துக்கு அவமதிப்புச் சட்டத்தின் 10-ஆம் பிரிவில் அதிகாரம் இருக்கிறது. ஆனால் உங்கள் நிலையில் அவ்வளவு தூரம் போகத் தேவையில்லை. போனாலும், கீழேயே வழி இருக்கிறது என்று திருப்பி அனுப்பத்தான் வாய்ப்பு அதிகம்.

வழக்கு இன்னும் நடக்கிறது, இடைக்கால உறுத்துக் கட்டளைதான் இருக்கிறது என்றால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 39-ஆம் கட்டளை, 2ஏ விதியின் கீழ் அதே முன்சீப் கோர்ட்டில் மனு போடுங்கள். மீறியவரின் சொத்தை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறையில் வைக்கலாம். வழக்கு முடிந்து நிரந்தர உறுத்துக் கட்டளை டிக்ரி ஆகிவிட்டது என்றால் 21-ஆம் கட்டளை, 32-ஆம் விதியின் கீழ் நிறைவேற்று மனு. அதில் ஐந்தாவது உள்விதி உங்களுக்கு மிகவும் பயன்படும்: செய்ய வேண்டிய வேலையை நீதிமன்றமே ஆள் வைத்துச் செய்து முடித்து, செலவை எதிராளியிடம் வசூலிக்க உத்தரவிடலாம். அண்ணனை உள்ளே வைப்பதைக் காட்டிலும் அந்தச் சிமென்ட்டை உடைத்துத் தண்ணீர் விடுவதல்லவா உங்களுக்கு வேண்டும்? பொதுவான டிக்ரிகளை நிறைவேற்ற 12 ஆண்டு வரம்பு. நிரந்தர உறுத்துக் கட்டளைக்கு அந்த வரம்பும் இல்லை.

மடை அடைபட்ட அன்றைக்கே தேதி தெரியும்படி போட்டோ எடுங்கள். முடிந்தால் வழக்கறிஞர் ஆணையரை நியமிக்கக் கோரி மனு போட்டு, அவரைக் கொண்டு நேரில் பார்வையிடச் செய்யுங்கள். நாற்றங்கால் காய்ந்த பிறகு எடுக்கும் போட்டோவில் யார் எப்போது அடைத்தார் என்பது தெரியாது.

உத்தரவைக் காட்டினேன். ‘இது சிவில் விவகாரம், நாங்கள் தலையிட மாட்டோம்’ என்று போலீஸ் ஸ்டேஷனில் சொல்லிவிட்டார்கள்.

உத்தரவிட்ட நீதிமன்றத்திலேயே, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 151-ஆம் பிரிவின் கீழ் போலீஸ் பாதுகாப்புக் கேட்டு மனு போடுங்கள். அப்படி ஓர் ஆணை வந்துவிட்டால் ஸ்டேஷனில் அந்தப் பதிலைச் சொல்ல முடியாது. கைகலப்பு நடந்தால் அது தனியான குற்றம், அதற்குத் தனியாகப் புகார் கொடுக்க வேண்டும்.

‘அப்பீல் போட்டிருக்கிறோம், அதனால் உத்தரவு செல்லாது’ என்கிறார்கள்.

தவறு. அப்பீல் போட்டதாலேயே எந்த உத்தரவும் நின்றுவிடாது. மேல் நீதிமன்றம் தடை கொடுத்திருக்க வேண்டும். தடை உத்தரவின் நகலைக் காட்டச் சொல்லுங்கள்.

‘அந்தக் கோர்ட்டுக்கு இந்த வழக்கை விசாரிக்கவே அதிகாரம் இல்லை’ என்றும் சிலர் சொல்வார்கள். அதிகாரம் இல்லை என்று பிற்பாடு தீர்ப்பானாலும், இடைக்கால உத்தரவு இருந்த காலத்தில் அதை மீறியதற்குத் தண்டிக்கலாம் என்று 1997-இல் உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் சொல்லியிருக்கிறது. உத்தரவு தவறு என்று தோன்றினால் தடை வாங்க வேண்டும். தாமாகவே ஒதுக்கித் தள்ள யாருக்கும் உரிமை இல்லை.

உத்தரவு வந்தபோது இருந்த ஆர்.டி.ஓ. (வருவாய்க் கோட்டாட்சியர்) மாறுதலாகிப் போய்விட்டார். யார் மீது மனு?

அவமதிப்பு என்பது ஆளைப் பொறுத்தது. ரிட் மனுவில் பதவியைக் குறிப்பிட்டால் போதும். அவமதிப்பு மனுவில் பெயரையும் குறிப்பிட வேண்டும். கெடுவுக்குள் செய்யத் தவறியவர் யார், இப்போது அந்த நாற்காலியில் இருப்பவர் யார் என்று இரண்டையும் தெரிந்துகொள்ளுங்கள். புதியவர் வந்ததும் உத்தரவின் நகலோடு அவருக்கு மறுபடியும் ஒரு கடிதம் கொடுத்து முத்திரை வாங்கிவிடுங்கள். பல நேரம் புதிய அதிகாரி தன் பெயரில் ஒரு வழக்கு வரப்போகிறது என்று தெரிந்ததும் கோப்பைத் தேடி எடுத்து முடித்துக் கொடுத்துவிடுவார். இதைக் கண்ணால் பார்த்திருக்கிறேன்.

அதிகாரி ஜெயிலுக்குப் போவாரா?

சட்டத்தில் அதிகபட்சம் ஆறு மாதம் வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். உரிமையியல் அவமதிப்பில் அபராதமே போதும் என்றால் அதோடு நிறுத்த வேண்டும், போதாது என்று நீதிமன்றம் கருதினால்தான் சிவில் சிறை. நடைமுறையில் சிறைக்குப் போகிறவர்கள் மிகக் குறைவு. நோட்டீஸ் போனதும் உத்தரவு நிறைவேறி, மனு முடித்துவைக்கப்படுவதுதான் வழக்கம். உங்களுக்கு வேண்டியதும் அதுதான்.

அதிகாரியைக் கோர்ட்டில் நிற்கவைத்துப் பார்க்க வேண்டும் என்ற ஆசையோடு வருகிறவர்களை நான் புரிந்துகொள்கிறேன். ஆண்டுக்கணக்கில் அந்த அலுவலக வராந்தாவில் நிற்கவைக்கப்பட்டவர்கள் அவர்கள். ஆனால் அரசு அதிகாரிகளை எடுத்த எடுப்பில் நேரில் வரவழைக்கக் கூடாது, தேவைப்பட்டால் முதலில் காணொளி வழியாக ஆஜராக அனுமதிக்க வேண்டும் என்று 2024 ஜனவரி 3-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் நெறிமுறை வகுத்திருக்கிறது.

கடைசி நேரத்தில் மன்னிப்புக் கேட்டுவிட்டால் விட்டுவிடுவார்களா?

மன்னிப்பு உண்மையானது என்று நீதிமன்றத்துக்குத் திருப்தி ஏற்பட்டால் விடுவிக்கலாம், தண்டனையைக் குறைக்கலாம். உத்தரவை நிறைவேற்றாமல் மன்னிப்பை மட்டும் நீட்டுவது பொதுவாக எடுபடாது. ஆகவே எதிர்த்தரப்பு மன்னிப்புப் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்தால், வேலை முடிந்துவிட்டதா என்பதை நேரில் போய்ப் பார்த்து உங்கள் வழக்கறிஞரிடம் சொல்லுங்கள். ‘அகற்றப்பட்டது’ என்று காகிதத்தில் இருக்கும், வயலில் பாதி மண் அப்படியே கிடக்கும்.

நானே எதிர்மனுதாரர். தாளடி விளைந்து நிற்கிறது. தம்பி வாங்கிய தடை உத்தரவால் வயலில் இறங்கக் கூடாது என்கிறார்கள். அறுக்காவிட்டால் கதிர் கொட்டிவிடுமே?

இறங்கி அறுத்துவிடாதீர்கள். விதைத்தது நீங்களாகவே இருந்தாலும், உத்தரவு தவறாகவே இருந்தாலும், அறுத்துவிட்டால் மீறியவர் நீங்கள். நல்ல வழக்கு வைத்திருந்தவர்கள் இந்த ஓர் அவசரத்தால் எதிராளியின் கையில் ஆயுதம் எடுத்துக் கொடுத்ததைப் பார்த்து வருந்தியிருக்கிறேன்.

இன்றைக்கே மனு போடுங்கள். உத்தரவை நீக்கவோ மாற்றவோ கோரலாம், அதற்கு 39-ஆம் கட்டளையின் 4-ஆம் விதி இருக்கிறது. அதோடு, வழக்கறிஞர் ஆணையர் முன்னிலையில் அறுவடை செய்து, நெல்லை நேரடிக் கொள்முதல் நிலையத்தில் போட்டு, பணத்தை நீதிமன்றத்தில் கட்டிவிட அனுமதி கேளுங்கள். வழக்கில் ஜெயிப்பவர் அந்தப் பணத்தை எடுத்துக்கொள்ளட்டும். கதிர் முற்றியிருப்பதைக் காட்டும் போட்டோவையும் அடங்கல் நகலையும் இணைத்து, அவசர மனுவாக எடுத்துக்கொள்ளக் கேட்டால் நீதிமன்றங்கள் கவனிக்கின்றன. விளைந்த பயிர் வீணாவதை எந்த நீதிபதியும் விரும்பமாட்டார்.

இதே அறிவுரை அதிகாரிகளுக்கும் பொருந்தும். நில அளவையர் இல்லை, வெள்ளம் வந்துவிட்டது, கெடுவுக்குள் முடியாது என்றால், கெடு முடியும் முன்பே கால நீட்டிப்பு மனு போட வேண்டும். கெடு முடிந்து நோட்டீஸ் வந்த பிறகு சொல்லும் காரணத்துக்கு மதிப்புக் குறைவு.

பணம் தரச் சொன்ன உத்தரவுக்கும் அவமதிப்பு மனு போடலாமா?

பண டிக்ரிக்குப் பொதுவாக நிறைவேற்று மனுதான் வழி: சொத்து ஜப்தி, சம்பளப் பிடித்தம் போன்றவை.

ஜீவனாம்சம் தராத கணவர் மீது, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-ஆம் பிரிவுக்குப் பதிலாக இப்போதுள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-ஆம் பிரிவில் அதே நீதிமன்றத்தில் மனு போடலாம். தராத ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு மாதம் வரை சிறை உண்டு. பாக்கித் தொகை சேர்ந்த ஓராண்டுக்குள் கேட்டுவிட வேண்டும், இதை எழுதி வைத்துக்கொள்ளுங்கள் அம்மா.

பயிர்க் காப்பீட்டு வழக்கில் நுகர்வோர் ஆணையம் உத்தரவிட்டும் தொகை வரவில்லை என்றால், 2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின் 71, 72-ஆம் பிரிவுகளில் அதே ஆணையத்திலேயே போகலாம். 72-ஆம் பிரிவு கடுமையானது: ஒரு மாதத்துக்குக் குறையாமல் மூன்றாண்டு வரை சிறை, அல்லது 25,000 ரூபாய் முதல் ஒரு லட்சம் வரை அபராதம், அல்லது இரண்டும்.

கோர்ட்டில் ராஜியாகப் போனோம். எழுதிக் கொடுத்தபடி அண்ணன் வழி விடவில்லை.

ராஜி மனுவில் ‘நீதிமன்றத்துக்கு உறுதியளிக்கிறேன்’ என்று எழுதி, அதை நீதிமன்றம் ஏற்றுப் பதிவு செய்திருந்தால் மீறுவது அவமதிப்பு. இருவரும் ஒத்துக்கொண்டதாக மட்டும் இருந்தால் சாதாரணமாக நிறைவேற்று மனு. லோக் அதாலத்தில் முடித்த வழக்கென்றால் அந்தத் தீர்வு டிக்ரிக்குச் சமம், அதையும் அப்படியே நிறைவேற்றலாம். ராஜியில் கையெழுத்துப் போடும்முன் எந்த நாளுக்குள், எத்தனை அடி அகலத்தில், எந்த வரப்பு வழியாக என்று எழுதச் சொல்லுங்கள்.

காவிரியில் தண்ணீர் விடாவிட்டால் விவசாயிகளாகிய நாம் அவமதிப்பு வழக்குப் போட முடியாதா?

இதைக் கேட்காத ஆண்டே இல்லை. அந்த வழக்கில் கட்சிக்காரர்கள் மாநிலங்கள். தனி விவசாயி அவமதிப்பு மனுவோடு உச்ச நீதிமன்றம் போய் நிற்பது நடைமுறையில் பலன் தராது. ஆனால் அவமதிப்பு மனு என்னும் கருவி காவிரியில் பயன்பட்டிருக்கிறது, அந்தக் கதையை நம் ஊர்ப் பிள்ளைகள் தெரிந்துகொள்ள வேண்டும்.

நடுவர் மன்றம் 1990 ஜூனில் அமைந்தது. 1991-இல் 205 டி.எம்.சி. என்று இடைக்கால உத்தரவு. 2007 பிப்ரவரி 5-ஆம் தேதி இறுதித் தீர்ப்பு, மாநில எல்லையில் 192 டி.எம்.சி. அது மத்திய அரசிதழில் வெளிவர 2013 பிப்ரவரி ஆனது. 2018 பிப்ரவரி 16-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் அதை 177.25 டி.எம்.சி. ஆகக் குறைத்தது. டெல்டாவில் நிலத்தடி நீர் இருக்கிறது என்று 10 டி.எம்.சி.யைக் கணக்கில் எடுத்துக்கொண்டது நமக்கு இன்றும் வலிக்கிறது. கடலோரத்தில் உப்பு ஏறிய நிலத்தடி நீரை வைத்து நாற்றங்கால் விட முடியுமா என்று வேதாரண்யத்துக்காரர்களைக் கேட்டுப் பாருங்கள்.

அதே தீர்ப்பு, ஆறு வாரத்துக்குள் மத்திய அரசு ஒரு செயல்திட்டம் உருவாக்க வேண்டும் என்றது. மார்ச் 29-உடன் கெடு முடிந்தது. திட்டம் வரவில்லை. மார்ச் 31-ஆம் தேதி தமிழ்நாடு அரசு அவமதிப்பு மனு தாக்கல் செய்தது. வழக்கு மீண்டும் மீண்டும் விசாரணைக்கு வந்து, வரைவுத் திட்டம் நீதிமன்றத்தில் வைக்கப்பட்டு, மே 18-ஆம் தேதி ஏற்கப்பட்டது. ஜூன் 1-ஆம் தேதி காவிரி நீர் மேலாண்மை ஆணையம் அரசிதழில் அறிவிக்கப்பட்டது. யாரும் தண்டிக்கப்படவில்லை. கெடு முடிந்த இரண்டாம் நாளே மனு தாக்கலாகி, உத்தரவின் வாசகத்தைப் பிடித்துக்கொண்டு நின்றதால் ஆணையம் வந்தது. மாநில எல்லையில் பிலிகுண்டுலுவில் அளக்கப்படும் தண்ணீர் குறைந்தால் இப்போது முதலில் முறையிடும் இடம் அந்த ஆணையம். குறைவு ஏற்படும்போது மாவட்ட ஆட்சியரின் விவசாயிகள் குறைதீர் கூட்டத்தில் எழுத்து மூலமாக, உங்கள் ஊர் வாய்க்காலுக்குத் தண்ணீர் வராத தேதிகளோடு மனு கொடுங்கள். நம் மாநிலம் வாதாடும்போது அந்தக் காகிதங்கள் உதவும்.

தீர்ப்பு அநியாயம் என்று வாட்ஸ்அப் குழுவில் எழுதினால் என் மீது அவமதிப்பு வருமா?

தீர்ப்பைக் காரணத்தோடு நியாயமாக விமர்சிக்கலாம், 5-ஆம் பிரிவு அதை அனுமதிக்கிறது. நீதிபதி பணம் வாங்கிவிட்டார் என்று ஆதாரம் இல்லாமல் எழுதாதீர்கள். தனியார் ஒருவர் குற்றவியல் அவமதிப்பு மனு கொண்டுவர அரசுத் தலைமை வழக்கறிஞரின் இசைவு வேண்டும். உத்தரவை மீறிய உரிமையியல் அவமதிப்புக்கு அந்த இசைவு தேவையில்லை.

வக்கீலுக்குக் கொடுக்க வசதி இல்லை.

பெண்கள், குழந்தைகள், பட்டியல் இனத்தவர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள், வெள்ளம் போன்ற பேரிடரால் பாதிக்கப்பட்டவர்கள் ஆகியோருக்கு இலவச சட்ட உதவி உரிமை இருக்கிறது. மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு. ஒவ்வொரு தாலுகா நீதிமன்ற வளாகத்திலும் வட்ட சட்டப் பணிகள் குழு இருக்கிறது. தொலைபேசியில் 15100. உயர் நீதிமன்றத்துக்கும் தனியாகக் குழு உண்டு.

அவமதிப்பு மனு தள்ளுபடியாகிவிட்டது. அப்பீல் உண்டா?

19-ஆம் பிரிவின் கீழ் அப்பீல் தண்டிக்கப்பட்டவருக்குத்தான். தனி நீதிபதி தண்டித்திருந்தால் 30 நாளில் இரு நீதிபதிகள் அமர்வுக்கும், அமர்வே தண்டித்திருந்தால் 60 நாளில் உச்ச நீதிமன்றத்துக்கும் போகலாம். மனு தள்ளுபடியானவருக்கு அந்தப் பிரிவில் அப்பீல் இல்லை. உச்ச நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி மனு ஒன்றே மேலே உள்ள வழி, அது செலவும் காலமும் பிடிக்கும்.

தள்ளுபடி உத்தரவில் காரணம் என்ன எழுதியிருக்கிறது என்று பாருங்கள். ‘அதிகாரி முடிவெடுத்துவிட்டார், அதை எதிர்த்துப் போக மனுதாரருக்கு உரிமை உண்டு’ என்று இருந்தால், அந்த வரியையும் நிராகரிப்புக் கடிதத்தையும் எடுத்துக்கொண்டு வாருங்கள். கடிதம் உங்கள் கைக்கு வந்த தேதி தெரிய அதன் உறையையும் பத்திரமாகக் கொண்டுவாருங்கள். புதிய ரிட் மனுவை அதிலிருந்துதான் எழுத ஆரம்பிப்போம்.